நாம் வெட்டிய வரப்பு

அக்கா,

இந்த நேரத்தில் எழுதுவதற்கு மன்னித்துவிடுங்கள். குழந்தை இப்போதுதான் கண் அசந்தாள். நீங்கள் போனை எடுப்பதில்லை. எடுத்தாலும் என்னால் பேச முடிந்திருக்குமா, தெரியவில்லை.

இன்றுதான் அவளுக்கு முதன்முதலாகக் கஞ்சி காய்ச்சினேன். வறுத்த புது அரிசியின் மணம் அடுக்களை முழுக்க நின்றது. கரண்டியை அவள் வாயருகே கொண்டுபோனபோதுதான் உறைத்தது, அது உங்கள் துண்டில் விளைந்த நெல். ஊட்டாமலும் இருக்கவில்லை. அவள் சப்புக்கொட்டித் தின்றாள். நான் வேறெங்கோ பார்த்துக்கொண்டிருந்தேன்.

எங்கள் அப்பா எனக்கு எழுதிவைத்த துண்டு உங்களுடைய இரண்டு வயல்களுக்கு நடுவில் கிடந்தது. உங்கள் துண்டு ஒன்று என் புகுந்த வீட்டு வயலை ஒட்டி. அறுப்பு மெஷின் இறக்க ஒவ்வொரு போகத்துக்கும் ஒருவர் வயலை ஒருவர் மிதித்தாக வேண்டும். "ஏட்டி, மாத்திக்கிடுவோமா?" என்று நீங்கள்தான் கேட்டீர்கள். அளவு ஒன்று, மடை ஒன்று. எனக்கும் சந்தோஷமாக இருந்தது.

பத்திரம் எழுதுபவர் நம் சர்வே எண்களைப் பார்த்துவிட்டுக் கையை விரித்தார். நாலுவழிச் சாலைக்கு எடுக்கப்போவதாக அறிவித்த நிலங்களில் அவையும் இருந்தன. "விக்கவும் முடியாது, மாத்தவும் முடியாது. தடை நீங்கட்டும், வாங்க."

படியிறங்கும்போது நான் தயங்கினேன். நீங்கள் சிரித்தீர்கள். "பத்திரக் கடலாசு வரும்போ வரட்டும் மக்கா. சானல்ல பாச்சலுக்கு வெள்ளம் வந்தாச்சு, அது நமக்காக நிக்குமா?"

மறுநாளே நடு வரப்புகளை வெட்டி வயல்களை ஒன்றாக்கினோம். கொஞ்ச நேரத்திலேயே என் மண்வெட்டியைப் பிடுங்கிக்கொண்டீர்கள். "காலேஜ் கையில்லா! கொப்புளம் வந்துதுன்னா உன் மாப்பிள்ளை எங்கிட்ட சண்டைக்கு வருவான்."

சாலை நம் வயல்களுக்குக் கொஞ்சம் தள்ளிப் போனது. தடையும் நீங்கியது. அப்போதே பதிந்திருக்கலாம். எனக்கு மாதம் நெருங்கியிருந்தது. "பிள்ளை பொறக்கட்டும், போவோம்" என்றீர்கள். எனக்காகப் பொறுத்தீர்கள். அந்த இடைவெளியில்தான் சாலையோரத்து நிலத்துக்கெல்லாம் விலை ஏறியது.

"உங்கப்பா தந்தது இன்னும் உன் பேர்லதானே கெடக்கு? வித்துட்டு டவுன்ல ஒரு வீடு பாப்போம். பிள்ளைக்கு வேண்டித்தானே கேக்கேன்" என்றார் இவர். அவளுக்குக் காய்ச்சல் வந்த ராத்திரிகளில் ஆஸ்பத்திரி எவ்வளவு தூரம் என்று நான் பட்ட பயம் அவருக்குத் தெரியும். நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. கதிர் முற்றி நின்ற உங்கள் வயலுக்கு நடுவே, வாங்க வந்தவர்கள் எல்லைக் கல் நட்டார்கள்.

நீங்கள் வந்தீர்கள், உள்ளே ஏறவில்லை. "ஏட்டி, நீயும் சேந்துதானே வெட்டினே?" என்று மட்டும் கேட்டீர்கள். பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு, போனில் தேடிப் படித்ததை ஒப்பித்தேன்: "பதியாத மாத்தம் சட்டப்படி செல்லாதுல்லா அக்கா."

"படிச்ச பிள்ளை. நீ சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்றீர்கள். குத்தலாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். பிறகு இவளைப் பார்த்து, "குப்புற விழுந்துட்டாளா?" என்று கேட்டுவிட்டுப் போனீர்கள். அறுப்பு முடிந்ததும் நெய்யாற்றின்கரைக்கு, மகள் வீட்டுக்குப் போய்விட்டதாகக் கேள்விப்பட்டேன்.

மாற்றம் செல்லாதென்றால் உங்கள் துண்டை நாங்கள் திருப்பித் தந்திருக்க வேண்டும். அந்தப் பேச்சையே யாரும் எடுக்கவில்லை. சட்டம் சொன்ன நானும் எடுக்கவில்லை. அதிலும் நாங்கள்தான் அறுத்தோம்.

திங்கட்கிழமை கிரயத்துக்குக் கையெழுத்துப் போட வரச் சொல்லியிருக்கிறார்கள். போடமாட்டேன் என்று இன்று சொல்லிவிட்டேன். "அவியளே விட்டுட்டுப் போயாச்சு, உனக்கு என்ன வந்துது?" என்றார். அழுதுவிட்டேன். "நீ சொன்னா சரியாத்தான் இருக்கும்" என்றீர்களே. நான் சொன்னது சரியில்லை அக்கா.

இப்போது நிலத்தை மாற்றிக்கொள்ளும் பரிவர்த்தனைப் பத்திரம் பதியத் தடை ஒன்றும் இல்லையாம், விசாரித்துவிட்டேன். ஆனால் இரண்டு பேரும் நேரில் நிற்க வேண்டும். மூலப் பத்திரத்தோடு வாருங்கள். என் முகத்தைப் பார்க்க வேண்டாம் என்றால் பார்க்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போங்கள். இந்த வீட்டில் எத்தனை நாள் என்னால் மாட்டேன் என்று சொல்லிக்கொண்டிருக்க முடியும் என்று எனக்கே நிச்சயமில்லை.

சீக்கிரம் பதில் போடுங்கள்.