ஒரு ரூபாய் கூட்டிக் கேட்ட கடை

லாத்தா,

இன்று காலை வாழைநாரைத் தண்ணீரில் நனைத்துப் போட்டேன். அந்த வாடை எழும்பியதும் நீ வந்துவிட்டாய். தலையில் மங்குஸ்தான் கூடை, இடுப்பில் நார்க்கட்டு, "ஏட்டி, இன்னைக்கு விழுத தண்ணிக்கு இந்த நாரு பத்தாது பாத்துக்கோ" என்கிற குரல். நீ போய் நாற்பது நாள் ஆகிறது. நான் செங்கோட்டைக்கு பஸ் பிடித்து வருவதற்குள் உன்னை அடக்கத்துக்கு எடுத்துவிட்டார்கள். உங்கள் வீட்டில் அக்காவைச் சொல்கிற மாதிரி லாத்தா என்றே கூப்பிட்ட எனக்கு முகம் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன். நான் படித்தது மூன்றாம் வகுப்பு. பிழை இருந்தால் நீ கண்டுபிடிக்கப் போவதில்லை. உனக்கு அந்த மூன்றாம் வகுப்பும் கிடையாது.

குற்றாலத்தில் எண்ணெய்க்கடை எத்தனையோ உண்டு. பெண்கள் நம் கடைக்கு வந்தது எண்ணெய்க்காக இல்லை. மாற்றுச் சேலையையும் நகையையும் மூட்டையாகக் கட்டி என்னிடம் கொடுத்துவிட்டு அருவிக்குப் போவார்கள். திரும்பி வந்து பின்கட்டில் உடை மாற்றுவார்கள். மூட்டை மாறாமல் இருக்க வழி சொன்னது நீ. நாலாவது மூட்டைக்கு நாரில் நாலு முடிச்சு, அதைக் கொடுத்தவள் மணிக்கட்டுக்கும் அதே நாலு முடிச்சு. பத்தைத் தாண்டினால் ரெட்டை நார், மறுபடி ஒன்றிலிருந்து. ஒரு மூக்குத்தி கூட மாறியதில்லை. அருவியில் தண்ணீர் கூடினால் கூட்டமும் கூடும், நாரும் கூட வேண்டும். நீ கடைப்படியின் ஓரத்தில் கூடையை வைத்துக்கொண்டு நார் கிழிப்பாய். அந்த இடத்துக்கு நீ வாடகை கொடுத்ததுமில்லை, நாங்கள் கேட்டதுமில்லை.

எத்தனையோ வருசத்துக்கு முந்தி என் வீட்டுக்காரர் தென்காசி ஜவுளிக்காரர் ஒருவர் வாங்கிய கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டார். அந்த மனிதர் ஊரைவிட்டே போய்விட்டார். கடனை நாங்கள் கட்டவேண்டும் என்று கோர்ட்டு டிக்ரி எங்கள் தலையில் விழுந்தது. எங்களிடம் நிலமில்லை, சொந்த வீடில்லை. கடைசியில் கடையில் வாடகைக்கு இருக்கிற உரிமையையே கோர்ட்டு ஜப்தி செய்தது. அப்படி ஒன்றை விற்க முடியும் என்பதே எனக்கு அன்றுதான் தெரியும். கதவில் நோட்டீசை ஒட்டிவிட்டுப் போனபோது நீ கேட்டாய்: "உட்காருத உரிமைய விப்பாவன்னா, அப்போ நான் உட்காருதது எதுல சேரும்?"

ஏலம் கடை வாசலிலேயே நடந்தது. சாரல் சீசன் உச்சத்தில் இருந்தது. வெட்கத்தில் என் வீட்டுக்காரர் வீட்டைவிட்டு வெளியே வரவில்லை. கடைத்தெருக்காரர்கள் யாரும் பக்கத்துக் கடையைக் கேட்கமாட்டோம் என்று ஒதுங்கி நின்றார்கள். கடன் கொடுத்தவர் ஆலங்குளத்திலிருந்து ஒரு வியாபாரியைக் கூட்டி வந்திருந்தார். ஏலம் விட வந்த கோர்ட்டு அமீனா காகிதத்தை வாசித்து முடித்ததும் அந்த அண்ணாச்சி உள்ளே எட்டிக்கூடப் பார்க்காமல் நூறு ரூபாய் என்று கேட்டுவிட்டார். அதற்குப் பிறகுதான் எட்டிப் பார்த்தார். அலமாரி முழுக்க மூட்டை.

"இதெல்லாம் என்ன?"

"குளிக்கப் போன பொம்பளையளோட மூட்டை. அவ்வொ வந்தாத்தான் குடுப்பேன்" என்றேன்.

திரும்பிப் பார்த்தால் நீ இல்லை, கூடை மட்டும் இருந்தது. வியாபாரத்தை விட்டுவிட்டு நீ எங்கே போனாய் என்று எனக்குக் கோபம்கூட வந்தது. அமீனா "ஒரு தரம்" என்றார். அப்போது பேரருவிப் பக்கமிருந்து ஈரச்சேலையோடு இருபது பெண்கள் வந்தார்கள். உனக்குப் பின்னாலே. ஆளுக்கொரு கையைத் தூக்கிக்கொண்டு, மணிக்கட்டில் நாரோடு.

சாத்தூர்க்காரி ஒருத்தி ஆலங்குளத்தாரை மேலும் கீழும் பார்த்தாள். "அண்ணாச்சி, இனிமே மூட்டை வாங்கி வைக்கப்போறது நீங்கதானா?"

"நாங்க சேலை மாத்தையில எங்கன நிப்பீய?" என்றாள் இன்னொருத்தி.

"நகையை இவருகிட்ட குடுக்கதுக்கு அருவியிலயே விட்டுட்டுப் போயிரலாம்" என்றாய் நீ. தெருவே சிரித்தது.

ஆலங்குளத்தார் அமீனாவிடம் மெதுவாகக் கேட்டார், "ஐயா, இந்தப் பொம்பளையள் கடைக்கு வருதது ஏலத்துல சேத்திதானா?"

"அது டிக்ரியில இல்ல அண்ணாச்சி. வாடகைக்கு இருக்குத உரிமை மட்டுந்தான்."

அவர் முகத்தில் வேர்த்தது. கேட்டுவிட்டார், இனி பின்வாங்க முடியாது. தனக்கு மேலே யாராவது கேட்கமாட்டார்களா என்று கூட்டத்தைப் பார்த்தார். கடன் கொடுத்தவரோ தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். "ரெண்டு தரம்" என்றார் அமீனா. நீ என் விலாவில் குத்தினாய். "கேளுட்டி. ஒரு ரூவா கூட்டிக் கேளு."

கேட்டேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை. ஆலங்குளத்தார் விட்ட மூச்சுதான் எல்லோருக்கும் கேட்டது. மூன்று தரம் முடிந்தது. கால் பங்கு உடனே கட்ட வேண்டும் என்றார்கள். மறுநாள் பழம் எடுக்க முந்தியில் முடிந்து வைத்திருந்த பணத்தை நீ அவிழ்த்தாய். யார் பேருக்கு எழுத என்று அமீனா கேட்டபோது நான் வழக்கம்போல வீட்டுக்காரரைத் தேடினேன். "கேட்டது அவதான? அவ பேருக்கே எழுதும்" என்றாய். மூன்றாம் வகுப்பு எழுத்தில் கையெழுத்துப் போட்டேன். ஆலங்குளத்தார் போகும்போது அரைக்கால்படி எண்ணெய் வாங்கிக்கொண்டு குளிக்கப் போனார். மீதிக் கடனை மூன்று சாரலில் அடைத்தோம். நீ கொடுத்ததை ஒரே சாரலில் அடைத்தேன். அதற்கும் நீ சண்டை போட்டாய்.

உன் கேள்வி மட்டும் இத்தனை வருசம் நின்றது. நீ உட்கார்ந்தது எதில் சேரும் என்று.

போன வாரம் கடைச் சொந்தக்காரர் வாடகைச் சீட்டைப் புதுசாக எழுத வந்தார். ஒரு வரி சேர்க்கச் சொன்னேன். வாசற்படியின் கீழ்ஓரம் பழக்கூடை வைத்து விற்பதற்கு, உன் மகள் பேருக்கு. "படிக்கெல்லாமா சீட்டு எழுதுவாவ?" என்று சிரித்தார். எழுதினால்தான் கையெழுத்துப் போடுவேன் என்றேன். பேனாவைத் திறந்தார்.

உன் மகள் இன்று கூடையோடு வந்தாள். நின்றுகொண்டே இருந்தாள். உட்காரட்டுமா என்று கேட்டாள். நான் சீட்டை எடுத்து அந்த வரியில் விரலை வைத்து வாசித்துக் காட்டினேன். உட்கார்ந்தாள். உட்கார்ந்ததும் என்ன சொன்னாள் தெரியுமா லாத்தா? "மாமி, தண்ணி நல்லா விழுது. இந்த நாரு பத்தாது."