நிகரன் சந்நிதியில் துலாக்கோல் இறக்கப்பட்டது குறித்து

நிகரன் துணை. இரு நாட்டுக்கும் நடுவில் நிற்பவன் இரு நாட்டையும் காக்க.

உப்பளங்களும் முத்துத் துறைகளும் சூழ்ந்த அலைவாய் நாட்டை ஆளும், சங்குக்கொடி உயர்த்திய அரசி நெய்தலங்கோதையார் திருமுன்பு, வெண்குன்ற நாட்டுக் கோ செங்கீரன் விடுக்கும் ஓலை. தங்கள் துறைகளில் கலங்கள் நிறைக. தங்கள் குடிகளின் அடுப்புகள் அணையாதிருக்க.

இருவழிக் கணவாயில் நின்றருளும் நிகரனைத் தாங்கள் அறிவீர்கள். எங்கள் பக்கம் பார்க்கிறான், உங்கள் பக்கம் பார்க்கிறான் என்று எவரும் சொல்லாதிருக்கும்பொருட்டு, முகம் செதுக்காமல் விடப்பட்ட தெய்வம் அவன். அவன் நீட்டிய கையில் தொங்கும் கருங்காலித் துலாக்கோலில்தான் ஆண்டுதோறும் எங்கள் தினையும் தங்கள் உப்பும் ஏறுகின்றன. மூட்டைக்குள் கைவிட்டுச் சோதித்து, தெய்வத்தின் பாதம் தொட்டு, "நிகர்" என்று சொல்லும் உரிமை துலாக்காரி ஒருத்திக்கே உண்டு. பத்தொன்பது ஆண்டுகளாக அப்பணியில் இருப்பவள் மாறம்பாவை, நம் குடிமகள். அவளுக்கு நேர்ந்ததை, அவள் நம் அவையில் நின்று சொன்னபடியே இங்கு எழுதுவிக்கிறோம்.

இவ்வாண்டு எங்கள் மலையில் தினை விளையவில்லை. பஞ்சம் வெளியே தெரிந்தால் படை வரும் என்று அஞ்சி, மூட்டைகளின் அடிப்பாதியில் மணல் நிரப்ப ஆணையிட்டோம். அந்த ஆணையோலையைத் துலாக்காரியிடம் கொண்டுபோனவன் அவள் கணவன் காரி. நம் களஞ்சியத்துக் காவலன். மணல் மூட்டைகளைக் கட்டியவனும் அவனே.

"கையை மணிக்கட்டு வரைக்கும் விடு, போதும். அதுக்குக் கீழே போகாதே" என்றானாம் காரி.

"அப்புறம் சாமி காலைத் தொட்டு நிகர்னு சொல்லணுமே?"

"இந்த ஒரு வருஷம் தொடாமச் சொல்லேன்."

அதன்பின் அவள் மூன்று நாள் அவனுக்குச் சோறு போட்டாள், முகம் பார்க்கவில்லை.

சந்தை நாள் முற்பகலில் இரு நாட்டாரும் கூடினர். தங்கள் உப்பு வணிகரான உமணரின் தலைவர் திரையனார் உப்பு மூட்டைகளை ஒரு தட்டில் ஏற்றினார். எம்மவர் மறுதட்டில் ஏற்றினர். கோல் அசையாமல் மட்டமாக நின்றது. மாறம்பாவை எங்கள் முதல் மூட்டையின் வாயைப் பிரித்துக் கை விட்டாள். மேலே தினை வெயிலில் சூடேறியிருந்தது. மணிக்கட்டோடு நிறுத்திக்கொள்ளவே நினைத்தாளாம். பாதம் தொடாமல் சொல்லிவிடவும் துணிந்திருந்தாளாம். ஆனால் பழகிய கை தானே இறங்கியது. முழங்கை அளவில் குளிர்ந்த மணல் தட்டுப்பட்டது. ஒரு பிடி அள்ளிக்கொண்டு, விரல்களை விரிக்க மனமில்லாமல் நெடுநேரம் நின்றாள். சொன்னால் காரியின் தலை போய்விடுமே என்ற நினைவு வந்தது என்றாள். பிறகு கையை விரித்தாள்.

"எங்க மூட்டையில பாதி மணல். எங்க ஊர்ல விளையல. அதான் விஷயம்."

நம் காவலர்களில் ஒருவன் அவளை நோக்கி வேலை உயர்த்தினான். தங்கள் ஆட்களும் வாட்களின் கைப்பிடிகளைத் தொட்டார்கள். திரையனார் மட்டும் அசையவில்லை. "அம்மா, எங்க மூட்டையிலயும் கையை விடுங்க" என்றார்.

"விடுறேன். அதுக்கு முன்னாடி நீங்களே சொல்லிட்டா, உங்களுக்கு மரியாதை."

திரையனார் தலைப்பாகையை அவிழ்த்துத் தோளில் போட்டுக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டாராம். "அடியில சிப்பித்தூள். காலந்தப்பின மழையில உப்புப் பாத்தி எல்லாம் கரைஞ்சுபோச்சு. தெரிஞ்சா நீங்க மலையிறங்கி வந்துடுவீங்கன்னு மேலிடத்துல பயம்" என்றார்.

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். யார் என்று அவளுக்குத் தெரியவில்லை. சிறிது நேரத்தில் எல்லாருமே சிரித்தார்கள். மணலையும் சிப்பித்தூளையும் கொட்டிவிட்டு, மிஞ்சிய தினையையும் மிஞ்சிய உப்பையும் ஏற்றினார்கள். உப்பின் தட்டு தாழ்ந்தது. மிகுந்ததை எங்கள் குழந்தைகளுக்கு என்று விட்டுவிடுவதாகத் திரையனார் சொன்னபோது மாறம்பாவை ஒப்பவில்லை. இது கொடுக்கல் வாங்கல் நடக்கும் இடம், தானம் செய்யும் இடமன்று என்றாள். அப்போது, வேலை உயர்த்திய அந்தக் காவலனே தன் தோளிலிருந்த கம்பளியை எடுத்து எங்கள் தட்டில் போட்டான். அவனைப் பார்த்து மற்றவர்களும் போட்டார்கள். பதினோராவது கம்பளியில் கோல் மட்டமாயிற்று. அவள் பாதம் தொட்டுச் சொன்னாள்.

அங்கிருந்து நேரே நம் அவைக்கு வந்தாள். நமக்குக் கோபம் வந்தது. அதை மறைக்க மாட்டோம். ஆயினும் அவள் சொன்னாள்: "எனக்குத் தண்டனை கொடுங்க. மூட்டை கட்டினதுக்கு அவரைக் கேக்காதீங்க. ஓலை உங்களது."

இரண்டு நாள் யாம் அதற்கு விடை தேடினோம். மூன்றாம் நாள் அவளை வீட்டுக்கு அனுப்பினோம். தங்கள் உப்பு எங்கள் ஊர்களுக்குப் போய்ச் சேர்ந்தது. படை எதுவும் வரவில்லை.

ஆனால் நாடு திரும்பிய திரையனார், அரசின் குறையை அயலாரிடம் வெளிப்படுத்திய குற்றத்துக்காகச் சிறையில் இருப்பதாக உமணர் வழியே செய்தி வந்தது. அதைக் கேட்ட அன்றே மாறம்பாவை கணவாய்க்கு ஏறிப் போய், துலாக்கோலைத் தெய்வத்தின் கையிலிருந்து இறக்கித் தரையில் கிடத்திவிட்டு, பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறாள். ஆணையிட்டோம், ஏற்றவில்லை. நேரில் சென்று கேட்டோம்.

"நான் செஞ்சதைத்தான் அவரும் செஞ்சாரு. நான் வெளியில இருக்கேன், அவர் உள்ள இருக்காரு. இதை எப்படி நிகர்னு சொல்லுவேன்?" என்றாள்.

அதற்கு விடை தங்களிடமே இருப்பதால் இவ்வோலை. தங்களை இடித்துரைக்கும் தகுதி எமக்கு இல்லை, மணல் எம்முடையது. தாங்கள் அஞ்சியதைப் போலவே யாமும் அஞ்சினோம் என்பதை மட்டும் ஓர் அரசன் ஓர் அரசிக்குச் சொல்லலாம். கணவாயின் எம் பக்கத்து வாயிற்கதவுகளைக் கழற்றிவைக்குமாறு காவலர்க்குப் பணித்துள்ளோம். இனி எம் விளைச்சல் குறைந்தால், குறைந்தது என்று முதலில் தங்களுக்கே எழுதுவோம்.

நம் வாய்மொழி கேட்டு எழுதியவன் ஓலைநாயகம் மதிசூடன். இட்ட இலச்சினை நம் கைவிரல் மோதிரத்தது.

மறுமொழி ஓலையைத் திரையனார் கையிலேயே கொடுத்தனுப்புக.