தவளையும் காளையும் கலந்த ஆட்டம்

நிலவு, தென்முனை நிலையம். காலை 9:10

துளைப்பு ஏழு மீட்டரை எட்டியது. காற்றும் நீரும் போதிய அளவு. பதிவு செய்வது மரகதவல்லி, நிலத்தியல். உடன் இருவர்: துளைப்பாளர் லெனின், பொறியாளர் ஆரோக்கியம்.

சுமை தூக்கும் நாலுகால் எந்திரம் தாண்டவன் இன்று பெரும்பள்ளத்தைத் தாண்டிவிட்டது. ஆரோக்கியத்தின் வேலை. சின்ன வயதில் பைத்தியமாய் ஆடிய இரண்டு பழைய வீடியோ கேம்களை ஒன்றாகக் கலந்திருக்கிறான். ஒன்றில் தவளை எதிரியின் தலைமேல் குதித்து நசுக்கும். மற்றதில் காளை சுவரை முட்டி உடைக்கும். இவனுடைய கலப்பில் ஒரே பிராணி இரண்டையும் செய்யும். தாண்டவனின் மூளையை அந்த ஆட்டத்தை ஆடவிட்டுத்தான் அதற்குக் குதிக்கக் கற்றுக்கொடுத்தான். லெனின் விசிலடித்தான்.

பிற்பகல் 2:35

லெனின் இறந்துவிட்டான்.

வெளியே துளைப்பானைக் கழற்றிக்கொண்டிருந்தான். ரேடியோவில் அவன் சிரிப்பு: "ஏய் ஆரோக்கியம், ஒம் மாடு என்னையே மொறச்சுப் பாக்குதுடா."

தாண்டவன் எழும்பியது. அத்தனை இரும்பும் அவன் தலைமேல் இறங்கியது. கவசம் பிளந்தது. மறுபடி எழும்பியது. அவன் கால்கள் துடிப்பது நிற்கும்வரை குதித்தது.

3:20

தவளை ஆட்டத்தில் எதிரிகள் உருண்டையான வெள்ளைத் தொப்பி போட்டவர்கள். எங்கள் தலைக்கவசமும் உருண்டை, வெள்ளை. ஆரோக்கியத்துக்கு அது தோன்றவே இல்லை. எனக்கும்தான். சுவரில் தலையை மோதி மோதி அழுகிறான்.

நிறுத்தும் கட்டளை போய்ச் சேரவில்லை. குதித்ததில் எந்திரத்தின் ஆன்டெனா ஒடிந்திருக்கிறது. அதன் வயிற்றடியில் ஒரு ஸ்விட்ச் உண்டு. யாராவது போய்த் தட்ட வேண்டும்.

4:05

கவசத்தின்மேல் கறுப்புத் துணி சுற்றிக்கொண்டு ஆரோக்கியம் போனான். கையைப் பிடித்து இழுத்தேன். உதறிவிட்டான்.

"அக்கா, கிட்ட வந்துட்டேன். என்னக் கண்டுக்கவே இல்ல. குனியறேன்."

பிறகு: "அய்யோ, காளை ஆட்டத்துல சுவரு கறுப்புக்கா!"

பாறையோடு வைத்து முட்டியது. விலா நொறுங்குவது ரேடியோவில் கேட்டது. திரும்பி ஓடிவந்து மறுபடி முட்டியது. அப்புறம் மூச்சுச் சத்தம் இல்லை.

6:15

நிலையத்தின் வெளிக்கதவும் கறுப்பு. உடைத்துக்கொண்டு வந்தது. விண்வெளி உடையில் காத்திருந்தேன். கூரை தாழ்வு, அதனால் குதிக்க முடியவில்லை. என் இடக்கையை மிதித்துக் கூழாக்கியது. வலக்கையில் இருந்த சிறிய கைத்துளைப்பானை அதன் வயிற்றில் செருகி அழுத்தினேன். லெனின் பேரைச் சொல்லிக் கத்தியது நினைவிருக்கிறது. எண்ணெய் பீய்ச்சியது. கால்கள் உதறி ஓய்ந்தன.

உடையின் கிழிசலை மறுகையால் பொத்திக்கொண்டு உள்ளறைக்கு ஊர்ந்து வந்து பூட்டிக்கொண்டேன். இங்கே காற்று இருக்கிறது. கதவு உடைந்ததும் ஆபத்துச் சமிக்ஞை தானாகவே போயிருக்கும். ரேடியோவில் கேட்க முடிகிறது; மைக் நசுங்கிவிட்டது, பேச முடியவில்லை.

நேரம் தெரியவில்லை

மீட்புக் கலம்: "மரகதம் மேடம், கேக்குதா? எறங்கிட்டோம், பயப்படாதீங்க. எங்ககிட்ட ஆறு எந்திரம் இருக்கு. ஆரோக்கியம் சார் போன வாரம் அனுப்பின ஆட்டத்த ஏத்திட்டோம். மான் மாதிரி தாவுதுங்க."

பொத்தானை அழுத்துகிறேன். கத்துகிறேன். போகவில்லை.

"மொதல்ல எந்திரங்கள எறக்குறோம். பின்னாலயே நாங்க நாலு பேரும் வர்றோம்."

உடையின் கிழிந்த கையைத் தோளோடு இறுக்கிக் கட்டிவிட்டேன். கொஞ்ச நேரம் தாங்கும். கவசத்தைத் துடைத்து வெள்ளையாக்கியிருக்கிறேன். வெளியே ஓடப்போகிறேன்; ஆறும் உங்களுக்கு முன் என்னைத்தான் பார்த்துத் துரத்த வேண்டும். மீட்க வந்தவர்களே, இதைப் படித்தால் நான் ஓடும் திசையில் வராதீர்கள். கலத்துக்குள் ஏறிக் கதவைச் சா—