மச்சானின் பென்சனும் மகளின் கூரையும்

வெள்ளி இரவு.

இப்படித்தான் முடியும் என்று நான் அன்றைக்கே சொன்னேன். அரசாங்கக் கந்தோர் ட்ரக்டரைத் தன் வயலில் ஓட்டியதற்காக மச்சானை வேலையால் நீக்கியபோது, பென்சனும் சேர்ந்து போகும் என்று கல்முனையிலேயே முதலில் சொன்னவன் நான். தங்கச்சி அழுததால்தான், மேன்முறையீடு செய்தால் பாதியாவது வரும் என்று கொழும்பில் பெரிய அதிகாரியாக இருக்கும் என் கூட்டாளி தோளில் கைபோட்டுச் சொன்னார் என்றேன்.

இன்று பதில் வந்துவிட்டது. ஒரு சதமும் இல்லை.

மஃரிப் தொழுகைக்குப் பிறகு தங்கச்சியும் மச்சானும் வீட்டுக்கு வந்தார்கள்.

"உங்கட கதைய நம்பித்தானே காக்கா, மகளுக்குச் சீதனமாக் குடுக்கிற வீட்டக் கட்டத் துவங்கின. கூரை போடாம கலியாண நாள் வைக்கமாட்டாங்களாம் மாப்பிள்ளை வீட்டார்," என்றாள் தங்கச்சி.

தேத்தண்ணி ஊற்றச் சொன்னேன்.

மச்சான் தேத்தண்ணியைக் குடித்து முடித்தார். பிறகு, "ஞாயிறு ராவு பஸ்ஸில ரெண்டு சீட் சொல்லிட்டன் மச்சான். உங்கட கூட்டாளிர காலப் புடிச்சாவது கேப்பம்," என்றார்.

"ஓம், கேப்பம்," என்றேன்.

களைப்பாக இருக்கிறது. கொழும்பு எனக்கு நன்றாகத் தெரியும், அதில் பொய்யில்லை. அந்த அதிகாரி என்று ஒருவர்தான் இல்லை.