தூர் வாரின கால்வாய்

2007 அக்டோபர் 7, ஞாயிறு
மூட்டம். மீன் கூடை எடுக்கலை. தெருவே சேர்ந்து மழைத்தண்ணி கால்வாய் தூர் வாரினோம். பேரூராட்சியில கேட்டா "ஆள் இல்லம்மா". ஆள் இல்லாத ஆபீசுக்கு ஃபேன் மட்டும் சுத்துது.

தாமஸ் சார்தான் தலைவர். ரிட்டயர் வாத்தியார். கையுறை, பூட்ஸ், மூக்குல கர்ச்சீப்.
"ஆபரேஷனா சார்?"
"செல்வி, உனக்கு நாத்தமே தெரியாதா?"
"மீன்காரி மூக்கு சார், உங்களுக்கு முன்னாடியே ரிட்டயர்."

வெளிய வந்தது: பால் கவர், செத்த பெருச்சாளி, கிரைண்டர் கல், யாரோட ஜட்டியோ. சொந்தம் கொண்டாட ஒருத்தரும் வரலை.

எங்க வூடு ஏரிப்பக்கம் கடைசி. பள்ளம். போன வருஷம் அடுப்பு வரைக்கும் தண்ணி. இப்ப பொண்ணு சரசு தலைப்பிரசவத்துக்கு வந்துகீறா. குழந்தையை இங்கதான் கொண்டாரணும்.

அக்டோபர் 14, ஞாயிறு
விடிய விடிய மழை. வூட்டுக்குள்ள ஒரு சொட்டு இல்லை! சரசு காலை நீட்டித் தூங்கினா. தெருவுக்கே பெருமை. சார் வூட்டுல இருந்து கேசரி. சக்கரை கம்மி.

அக்டோபர் 17, புதன்
கதவைத் திறந்தா நாத்தம். மீன் நாத்தம் இல்லை, அது என்னோடது, எனக்குத் தெரியும். கால்வாயில மிதந்து வருது. எழுதவே கூசுது. சரசுக்கு வாந்தி.

மேலே நடந்து போய்ப் பார்த்தேன். வூட்டுக்கு வூடு புதுசா பிளாஸ்டிக் குழாய். கக்கூஸ் தொட்டி நிறைஞ்சா லாரி கூப்பிடணும். இப்பத்தான் கால்வாய் ஜோரா ஓடுதே, அதுல வுட்டுட்டாங்க. இதுக்கா வாரினோம்? முதல் குழாய் தாமஸ் சாரோடது.
"இன்னா சார் இது?"
"எல்லாரும் விடறாங்கம்மா. நான் ஒருத்தன் விடலைன்னா ஆச்சா? பாதாள சாக்கடை போட்டதும் எடுத்துடறேன்."
"அதுக்குள்ள என் பேரப்புள்ள காலேஜ் முடிச்சிடும் சார்."
சிரிக்கிறார் மனுஷன். த்தூ. கேசரி தின்ன வாயை உப்பு போட்டுக் கொப்பளிச்சேன்.

அக்டோபர் 19, வெள்ளி
வானம் கருப்பு. சரசுக்கு லேசா இடுப்பு வலி.
விடியக்காலை இருட்டுல, மீன் எடுக்கக் கிளம்பறதுக்கு முன்னாடி கோணிப்பை, களிமண், சிமெண்ட். எல்லா குழாய் வாயும் அடைச்சாச்சு. சாரோடதுக்கு மட்டும் ஒரு கை கூட.

மதியம் வேட்டியைத் தூக்கிக்கினு ஓடி வர்றார். பாத்ரூம்ல பொங்குதாம்.
"செல்வி, பேரூராட்சிக்கு யாராவது போன் போட்டீங்களா?"
"ஆள் இல்ல சார் அங்க. ஞாயித்துக்கிழமை நாமளே வாரிக்கலாம். உங்க வூட்டுல ஆரம்பிப்போம். கையுறை எடுத்துக்கோங்க."

சரசு கத்தறா. ஆட்டோ வந்தாச்சு