ஐந்தருவிச் சாலையின் நெருப்புக்கோழி

அண்ணே,

போன வாரம் என் மகன் வாசுதேவநல்லூர்ப் பக்கம் ஒரு தோட்டத்துக்கு என்னைக் கூட்டிப் போனான். கம்பி வலைக்குப் பின்னால் ஆளுயரப் பறவைகள் நின்றன. ஈமு என்றான். தானும் வாங்கி வளர்க்கப் போகிறானாம். அப்போதுதான் மழை ஓய்ந்திருந்தது. நனைந்த இறகும் எச்சமும் கலந்த அந்த வாடை மூக்கில் ஏறியதும் வலையை விட்டுப் பின்வாங்கினேன். "கோழி மாதிரிதாம்மா, ஒண்ணும் செய்யாது" என்றான் அவன். அச்சு அசல் உன் குரல்.

"நீ இதை வளத்தா உன் வீட்டுப்படி ஏற மாட்டேன்" என்று சொல்லிவிட்டுக் காரில் போய் உட்கார்ந்துகொண்டேன். அவனுக்கு ஒன்றும் புரியவில்லை. செத்தவர்களைப் பற்றிக் குறை பேசக்கூடாது என்று இத்தனை காலம் வாயை மூடியிருந்தேன். செத்தவரிடமே பேசுவதற்குத் தடை இல்லையே.

அறுபதுகளின் தொடக்கம் அது. தென்காசியில் கூடாரம் போட்டிருந்த ஒரு சர்க்கஸ் நொடித்துப் போய்க் கலைந்தது. யானையையும் குதிரைகளையும் யார் யாரோ கொண்டுபோனார்கள். யாருக்கும் வேண்டாத நெருப்புக்கோழியை நீ ஓட்டிக்கொண்டு வந்தாய். ஐந்தருவிச் சாலையில் இருந்த நம் மாந்தோப்பில் மூங்கில் வேலி அடைத்து, ஓலைக் கொட்டகை போட்டு, 'ஆப்பிரிக்க அதிசயப் பறவை' என்று பலகை மாட்டினாய். சாரல் தொடங்கியது. அருவியில் குளித்துவிட்டு, தலையில் எண்ணெய்ப் பிசுக்கும் கையில் மங்குஸ்தான் பழமுமாக வந்த கூட்டமெல்லாம் நம் வேலியோரம் நின்றது. "இரும்பத் தின்னும், நெருப்பத் தின்னும், குதிரையத் தோக்கடிக்கும்" என்று நீ அளப்பதைக் கேட்டு நானும் விழுந்து விழுந்து சிரித்திருக்கிறேன். உனக்கு அந்தச் சாமர்த்தியம் இருந்தது. அப்பா போன பிறகு நீதான் என்னை வளர்த்தாய். அதை மறுக்க மாட்டேன்.

ஆனால் அந்தப் பறவையை வளர்த்தது நீ அல்ல, உன் பெண்டாட்டி, என் மதினி. கீரை அரிந்து போட்டதும், சோளம் ஊறவைத்ததும், கொட்டகை கூட்டியதும் அவள்தான். முதலில் அவள் பின்னாலேயே சுற்றி வந்தது. ஆடி பிறந்ததும் அதன் குணம் மாறிவிட்டது. கால்களின் முன்பக்கம் சிவந்தது, அலகு சிவந்தது. கழுத்தை ஊதிக்கொண்டு அடிவயிற்றிலிருந்து உறுமியது. திடீரென்று மண்டியிட்டுச் சிறகை விரித்து இப்படியும் அப்படியும் ஆடும். ஜனங்கள் அதை நாட்டியம் என்று கைதட்டினார்கள்.

மதினி கைதட்டவில்லை. "இங்கேருங்க, அது நேத்து கதவ உதைச்சதுல பலகை பிளந்துட்டு. கால்ல உள்ள நகம் அருவா மாதிரி இருக்கு. கொஞ்ச நாள் யாரும் உள்ள போவண்டாம்" என்றாள்.

நீ என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினாய். "ஏட்டி, கோழிக்குப் பயந்த பொம்பளைய எங்கயாவது பாத்திருக்கியா?"

அடுத்த ஞாயிற்றுக்கிழமை நல்ல கூட்டம். முன்வரிசை முழுக்கக் குழந்தைகள். "என் வீட்டம்மா கையில இருந்து தின்னும், பாருங்க" என்று அறிவித்துவிட்டாய். "இன்னைக்கு வேண்டாங்க" என்று மதினி மெதுவாகச் சொன்னது எனக்குக் கேட்டது. அத்தனை பேர் முன்னால் அவள் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப் போனாய். அவளால் உதற முடியவில்லை.

அது மண்டியிட்டு ஆடவில்லை. நேராக ஓடிவந்தது. நீ அவள் கையை விட்டாய். வெளியே பாய்ந்தாய். கதவை இழுத்துக் கொண்டியை மாட்டினாய். அவளும் கதவுக்குத்தான் ஓடிவந்தாள்.

மற்ற விலங்கைப் போல அது பின்னால் உதைப்பதில்லை அண்ணே. காலை நெஞ்சுவரை தூக்கி, முன்பக்கமாக, மேலிருந்து கீழே கிழித்தது. இடுப்பிலிருந்து முழங்கால்வரை சேலையோடு சேர்ந்து சதை பிளந்தது. அவள் குப்புற விழுந்தாள். விழுந்தவளின் முதுகில் ஏறி மிதித்தது. நீ இரண்டு கையாலும் கதவை அழுத்திப் பிடித்துக்கொண்டு "ஐயோ, ஐயோ" என்று கத்தினாய்.

கொட்டகையின் பின்தட்டியைப் பிய்த்துக்கொண்டு நான் உள்ளே போனேன். கையில் இருந்தது குடை மட்டும்தான். அதன் முகத்துக்கு நேரே படாரென்று விரித்தேன். மிரண்டு சீறிக்கொண்டு மூலைக்கு ஒதுங்கியது. மதினியின் அக்குளில் கைகொடுத்து, எப்படியோ வந்த வழியே வெளியே இழுத்துப் போட்டேன். முகம் தெரியாத ஒருவர் தன் காரில் எங்களைத் தென்காசி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். தையல் போட்டார்கள். இடுப்பெலும்பு முறிந்திருந்தது. அந்தக் கால் அதற்குப் பிறகு நேராகவே இல்லை.

"பிள்ளைக நின்னுச்சு. கதவத் தெறந்து போட்டிருந்தா எத்தனை பேர மிதிச்சிருக்கும்?" என்று ஆஸ்பத்திரி வராந்தாவில் எல்லோரிடமும் சொன்னாய். கேட்டவர்கள் தலையாட்டினார்கள்.

மதினி கம்பு ஊன்றி வீட்டுக்கு வந்தபோது பலகையில் எழுத்து மாறியிருந்தது. 'ஆளை மிதித்த அதிசயப் பறவை.' முன்னைவிடக் கூட்டம் அதிகம். அவள் அதை எழுத்துக் கூட்டி வாசித்தாள். "இது இங்கன இருந்தா நான் இருக்க மாட்டேன்" என்றாள். "சீசன் முடியட்டும்ளா" என்றாய். அன்றைக்கே பஸ் ஏறி அவள் அம்மா வீட்டுக்குப் போனாள். துணைக்குப் போன நானும் அங்கேயே தங்கிவிட்டேன். என் கல்யாணம்கூட அந்த வீட்டில்தான் நடந்தது.

மறு வருசச் சாரலில் யாரோ எறிந்த ஆணியை விழுங்கிப் பறவை செத்தது. நீ அதன் கழுத்தை மடியில் வைத்துக்கொண்டு அழுதாய் என்று ஊரே சொன்னது. அதைக் கேட்ட நாளில்தான் உன்னை முழுசாக வெறுத்தேன்.

நீ போன அன்று மதினி வந்தாள். காலை இழுத்து இழுத்து நடந்து உனக்கு வாய்க்கரிசி போட்டாள். நான் போடவில்லை. "எப்படி மதினி மனசு வந்துச்சு?" என்று கேட்டேன். "அவுக பயந்த மனுசன்ளா. பயந்தவுகள எத்தனை வருசம் வையதுக்கு?" என்றாள்.

அவளுக்கு அது போதுமாக இருந்தது. இப்போது அவளும் இல்லை. உன்னிடம் கணக்குக் கேட்க நான் ஒருத்திதான் மிச்சம். கதவை மூடியதற்கு நீ சொன்ன காரணம் நியாயம்தான். பிள்ளைகள் நின்றார்கள், நானும் பார்த்தேன். ஆனால் பறவை மூலைக்கு ஒதுங்கிய பிறகு, ரத்தத்தில் கை வழுக்கி, அவளை இழுக்க முடியாமல் உன்னைக் கூப்பிட்டேனே. "அண்ணே, உள்ள வா, ஒரு கை பிடி" என்றேனே. என் முகத்தை நேருக்கு நேர் பார்த்துக்கொண்டுதானே நின்றாய்.

அப்போது ஏன் வரவில்லை?