காலால் பிறந்தவன் வைத்தியம்

மார்ச் 22, 1960, செவ்வாய்

காலையிலேயே வெயில். ஆற்றுமணல் சுடுகிறது.

இரு மாநிலப் பெருமக்களுக்கும் (ஏப்ரல் ஒன்றாம் தேதி எங்கள் ஊர் சென்னை மாநிலத்திலிருந்து ஆந்திராவுக்கு மாறுகிறது) இதனால் அறிவிப்பது யாதெனில்: மளிகைக்கடை கோவிந்தச் செட்டியாரின் இடுப்புப் பிடிப்பு இன்று என் வலது காலால் நிவர்த்தி செய்யப்பட்டது. செட்டியார் குப்புறப் படுத்தார். மிதித்தேன். எழுந்தார். அரிசி மூட்டையைத் தூக்கினார்.

மற்றவர்கள் செய்வது கை வைத்தியம். நான் செய்வது கால் வைத்தியம். தாய் வயிற்றிலிருந்து தலைக்குப் பதில் கால் முதலில் வந்தவன் மிதித்தால் இடுப்புப் பிடிப்பு விடும். பிச்சாட்டூரில் அப்படிப் பிறந்தவன் நான் ஒருவனே. டிராயிங் வாத்தியாரையே மிதித்தவன். மிதி வாங்கி நன்றியும் சொன்னார் மனிதர். (நாகராஜா, இந்த நோட்டை நீ திருட்டுத்தனமாகப் படிப்பது தெரியும். படி. பொறாமைப்படு.)

சன்மானம்: செட்டியார் பொட்டலம் கட்ட வைத்திருந்த பழைய புத்தகம். முன்பக்கங்கள் துவரம்பருப்போடு போய்விட்டன. உள்ளே படங்கள்!! அல்ஜீப்ரா அட்டை போட்டாயிற்று.

அக்கா தலைப்பிரசவத்துக்கு வந்ததிலிருந்து என் பங்கு முறுக்கு என் கைக்கு வருவதில்லை. கேட்டால், "ரெண்டு பேருக்கு துன்றண்டா, பொறுத்துக்கோ."

மார்ச் 23, புதன்

அல்ஜீப்ரா வகுப்பில் 'அல்ஜீப்ரா' படித்தேன். பிரசவம் பார்க்கிற சாஸ்திரம். சீமை டாக்டர் எழுதியதை யாரோ தமிழில் போட்டிருக்கிறார்கள். 'ஸ்திரீகளானவர்கள்' என்று ஒரு வாக்கியம் ஆரம்பித்தால் முற்றுப்புள்ளி அடுத்த பக்கத்தில்.

பூர்வத்தில் சீமையில் பிரசவ அறைக்குள் ஆண் போகக்கூடாதாம். ஒரு வைத்தியன் பெண் வேஷம் போட்டுப் புகுந்து பார்த்திருக்கிறான். பிடித்துக் கொளுத்திவிட்டார்கள். உயிரோடு!

அப்புறம் டாக்டர்களை விட்டார்கள். ஆனால் போர்வையின் ஒரு முனை டாக்டர் கழுத்தில், மறு முனை தாய் மேல். பார்க்கக்கூடாது, தடவித்தான் வேலை.

ஒரு டாக்டர் குடும்பம் குழந்தையின் தலையைப் பிடித்து எடுக்க இடுக்கி கண்டுபிடித்ததாம். யாருக்கும் காட்டாமல் தலைமுறை தலைமுறையாகப் பெட்டிக்குள். அந்தப் பெட்டி பூட்டிக் கிடந்த காலமெல்லாம் எத்தனை பேர் செத்தார்களோ. அடப்பாவிகளா.

படங்கள்: கர்ப்பப்பையைக் குடுவை மாதிரி வரைந்து, உள்ளே குழந்தைகள். ஒன்று தண்டால் எடுக்கிறது, ஒன்று சலாம் போடுகிறது. நாகராஜனுக்குக் காட்டினேன். இருவரும் சிரித்ததில் பெஞ்சு மேல் நிற்கவேண்டி வந்தது.

அடுத்த அத்தியாயம், 'பாதம் முன்னிட்ட பிரசவம்'. என் அத்தியாயமாயிற்றே என்று ஆசையாகத் திருப்பினேன்.

கால் வரும். உடம்பு வரும். தலை வராது. அப்படியே நின்றுவிடும். அப்போது தாயையாவது காப்பாற்றும்பொருட்டு அந்தக் காலத்தில் கொக்கி போட்டு...

எழுத முடியவில்லை. படமும் இருக்கிறது.

மதியம் வீட்டுக்கு வந்தேன். அம்மா மாவாட்டிக்கொண்டிருந்தாள். பார்த்துக்கொண்டே நின்றேன்.

"இன்னாடா, புச்சா பாக்கற மாதிரி பாக்கற? மாவு துன்ற பூனையா நீ?"

மார்ச் 25, வெள்ளி

புழுக்கம். நர்ஸம்மா வந்தார்கள். புத்தூர்ப் பக்கத்துத் தெலுங்குக்காரர். அக்கா வயிற்றில் மரக்குழல் வைத்துக் கேட்டார்கள். கையால் அமுக்கினார்கள். மறுபடி அமுக்கினார்கள். முகம் மாறிவிட்டது.

"தல மேல உந்தம்மா. கால்தான் கீழ. நொப்பி, அதான் வலி, எடுக்கறதுக்கு முன்னாடியே திருப்பதி பெரியாஸ்பத்திரிக்கு எத்துக்கினு போயிடுங்க. வலி வந்தப்புறம் பஸ்ஸுக்கு நிக்க முடியாது."

பெயர் தலைப்பிரசவம். வரப்போவது கால். போன வாரம் தோன்றியிருந்தால் நாள் முழுக்கச் சொல்லிச் சிரித்திருப்பேன்.

நைனா அசையவில்லை. "மொதப் புள்ள தாய் வூட்லதான். அதான் மொறை. ஊரு பேரு தெரியாத ஆஸ்பத்திரில எம்பொண்ணப் படுக்கவெக்க மாட்டேன். அதுவும் அடுத்த ஸ்டேட்டு."

"ஒண்ணாந்தேதியிலேர்ந்து நீங்களும் ஆந்திராதானே!" என்றார்கள் நர்ஸம்மா.

"அது அப்ப. கால்ல பொறந்தா இன்னாம்மா? தோ நிக்கறான் பாரு, இவன் பொறக்கல? ஊரையே ஒதச்சிக்கினு திரியறான்."

எல்லாரும் சிரித்தார்கள். அக்காவும். அம்மா மட்டும் எழுந்து அடுப்படிக்குப் போனாள்.

மார்ச் 26, சனி

நைனாவுக்குப் புத்தகம் படித்துக் காட்டினேன். அல்ஜீப்ரா அட்டையைக் கழற்றிவிட்டுத்தான். அறை ஒன்று விழுந்தது. பிறகு கேட்டார்.

பழைய ஆசிரியர்களுக்குள்ளேயே சண்டை. ஒருவர், காலை உள்ளே தள்ளித் தலையைத் திருப்பு என்கிறார். இன்னொருவர், ஐயோ தள்ளாதே, இரண்டு காலையும் சேர்த்துப் பிடித்து மெல்ல எடு என்கிறார். மற்றொருவர், தலை நின்றால் குழந்தையின் வாயில் விரல் கொடுத்து மோவாயைத் தாழ்த்து என்கிறார். கைபழகாதவர் தொடவே கூடாது என்பதில் மட்டும் எல்லாரும் ஒற்றுமை.

நைனா: "பொட்டலக் காகிதத்துல கீறதெல்லாம் வேதமாடா? நீயே உயிரோட சாட்சி நிக்கற."

சாட்சி அட்டையை மறுபடி மாட்டிக்கொண்டு வெளியே போனான்.

சாயந்திரம் அக்கா கூப்பிட்டாள். "டேய், கால்ல வந்தியே, உள்ள எப்டி இருந்துச்சு? ஞாபகம் கீதா?"

"ஒரே கூட்டம். முட்டித் தள்ளிக்கினு வந்தேன்."

சிரித்தாள். சிரித்துக்கொண்டே என் மணிக்கட்டைப் பிடித்தாள். விடவில்லை. "எனக்கு பயமா கீதுடா."

வளையல் பதிந்த தடம் இன்னும் இருக்கிறது.

மார்ச் 27, ஞாயிறு

வெற்றி! வெற்றி! என் வாசிப்பைக் கேட்டு நைனா நடுநடுங்கிவிட்டார். கல்வி வென்றது. பகல் பஸ்ஸில் அக்கா, அம்மா, நைனா மூவரும் கிளம்பிவிட்டார்கள். ரேணிகுண்டா பட்டறையிலிருந்து அக்கா வீட்டுக்கார மாமா நேரே ஆஸ்பத்திரிக்கு வந்துவிடுவார். எனக்கு மாட்டைப் பார்த்துக்கொள்ளும் உத்தியோகம்.

அக்கா ஜன்னல் வழியாகக் கை நீட்டினாள். என் பங்கு முறுக்கு.

மார்ச் 29, செவ்வாய்

சேதி இல்லை. மாடு கூட என்னை ஒரு மாதிரிப் பார்க்கிறது.

அந்த அத்தியாயத்தின் கடைசிப் பக்கங்கள் கிழிந்திருக்கின்றன. விரல் கொடுத்த பிறகு என்ன ஆயிற்று? செட்டியாரிடம் போய்க் கேட்டேன்.

"எந்த வூட்ல பருப்பு வேவுதோ, அந்த வூட்டு அடுப்புல கீதுப்பா. எனக்கு இன்னா தெரியும்?"

மார்ச் 31, வியாழன்

மாமா வந்துவிட்டார். தாடி, கசங்கிய சட்டை. அழுகிறாரா சிரிக்கிறாரா என்று புரியவில்லை. பெண் குழந்தை. நேற்று.

கால்தான் முதலில். தலை நின்றுவிட்டதாம். டாக்டரம்மா வாயில் விரல் கொடுத்து எடுத்தார்களாம். நீலமாக, சத்தமே இல்லாமல் இருந்ததாம். தட்டினார்களாம். அப்புறம்தான் அழுததாம். அக்காவுக்கு ரத்தம் நிறையப் போய்விட்டது. ஆனால் பேசுகிறாள். "அவன் முறுக்கு துன்னானா?" என்று கேட்டாளாம்.

நாளை எங்கள் ஊரே ஆந்திராவுக்குப் போகிறது. என் மருமகள் அங்கேயே பிறந்து முந்திக்கொண்டாள்.

தெருவே என்னைப் புகழ்கிறது. பையன் படிச்சான், பொண்ணு பொழச்சா. போதும். நாகராஜா, நீயும் படித்துக்கொள்.

நைனா நடுங்கியது புத்தகத்துக்கு அல்ல. ஞாயிறு காலை மாட்டுக் கொட்டகையில் நான் மூக்கு ஒழுக அழுதுகொண்டு சொன்னதற்கு: நான் தலையால் பிறந்தவன். நேராக, ஒழுங்காக, எல்லாரையும் போல. டிராயிங் வாத்தியாரை மிதிக்க ஆசைப்பட்டு ஆறாம் வகுப்பில் விட்ட புளுகு. என் பிரசவம் அம்மாவின் தாய்வீட்டில். நைனாவும் ஊர் சொன்னதை நம்பியிருக்கிறார்.

நைனா அடிக்கவில்லை. அம்மாவைத்தான் பார்த்தார். சாணிக் கூடையோடு நின்றவள் சொன்னாள்: "கால்ல வந்தது இவன் இல்ல. இவனுக்கு மின்னாடி பொறந்து செத்துச்சே, அது. தல நின்னுப்போச்சு. செத்துச்சுன்னு மட்டுந்தான் ஒங்களுக்கு சொன்னாங்க."

"அப்ப இவன் ஊரெல்லாம் பீத்திக்கினு திரிஞ்சப்ப நீ ஏன் சொல்லல?"

"அவன் சொல்ற நேரமெல்லாம் அதுவும் பொழச்சிக்கினு நடமாடற மாதிரி இருந்துச்சு."

நைனா சட்டை மாட்டிக்கொண்டு பஸ் விசாரிக்கப் போனார்.

ஆக, பிச்சாட்டூருக்குக் காலால் பிறந்து உயிரோடு இருக்கும் ஆள் ஒருத்திதான். பிறந்து ஒரு நாள் ஆகிறது. நான் மிதித்த இடுப்புகள் எல்லாம் தாமாகவே சரியாகியிருக்கின்றன.

செட்டியாருக்கு மறுபடி பிடித்துக்கொண்டது. வாசலில் குப்புறப் படுத்துக்கொண்டு கூப்பிடுகிறார்.